நாற்பத்தேழு காணாமல் போன வாரம்

எல்லாம் தெரிந்த என் தம்பிக்கு,

அக்கா எழுதுவது. இங்கே நானும் உன் அத்தானும் நலம், கணினியும் நலம். அங்கே நீயும் உன் மனைவியும் நலமாக இருப்பீர்கள் என்று வைத்துக்கொள்கிறேன். கேட்டுத் தெரிந்துகொள்ள வழியில்லை, ஏனென்றால் புதன்கிழமை போனைப் பாதியில் வைத்தது நான்தான். அதற்காக வருத்தம் தெரிவிக்க இதை எழுதவில்லை. போனில் பேசினால் மூன்றாவது நிமிடத்திலேயே நீ "சரிக்கா, சரிக்கா" என்று ஆரம்பித்துவிடுவாய், நான் சொல்ல வந்தது தொண்டையிலேயே நின்றுவிடும். கடிதத்தில் நீ குறுக்கே வர முடியாது. உட்கார்ந்து முழுவதும் படி. நான் எளிதில் பரவசப்படுகிற ஆள் இல்லை என்பது உனக்குத் தெரியும், என் கல்யாணத்தன்றுகூட முகத்தைச் சாதாரணமாக வைத்திருந்தேன் என்று இன்றைக்கும் குறை சொல்கிறார்கள். ஆனால் இன்று சனிக்கிழமை பிற்பகல் மூன்று மணி, மதியச் சாப்பாட்டுப் பாத்திரத்தைக்கூடக் கழுவாமல் எழுத உட்கார்ந்துவிட்டேன்.

முதலில் விஷயம் எவ்வளவு பெரியது என்று சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நீ போனில் அதைச் "சின்ன பிரச்சினைக்கா" என்றாய். உன் அத்தான் இருபத்தாறு வருஷம் வேலை பார்த்த மரச்சாமான் கம்பெனி மூடியது உனக்குத் தெரியும். அதற்குப் பிறகு எட்டு மாதம் வீட்டில் உட்கார்ந்து எங்கள் சமையலறை அலமாரிகளையே மூன்று முறை மாற்றினார். மூன்றாவது முறைக்குப் பிறகு உப்பு எங்கே இருக்கிறது என்று எனக்கே தெரியவில்லை. கடைசியில் ஒரு பல் மருத்துவர் அம்மா கிடைத்தார், புதிதாகக் கிளினிக் திறக்கிறார். உள்ளறை, காத்திருக்கும் அறை, மேசை, அலமாரி எல்லாவற்றையும் வடிவமைத்துச் செய்து தர வேண்டும். அத்தானுக்குச் சொந்தமாகக் கிடைத்த முதல் வேலை. ஆனால் அந்த அம்மாவுக்குக் காகிதத்தில் போட்ட வரைபடம் புரியாது. "கோடா இருக்கு, அதுல எது சுவர் எது கதவு? எனக்கு உள்ளே நடந்து பார்க்கணும்" என்று சொல்லிவிட்டார். அதாவது கணினித் திரையில், அறைக்குள் நடப்பதுபோல. சனிக்கிழமை பதினொரு மணிக்கு வீட்டுக்கே வருவதாகவும், பிடிக்காவிட்டால் அன்றைக்கே இன்னொருவரைப் பார்க்கப் போவதாகவும் சொன்னார். பல்லைப் பிடுங்குகிறவர்கள் சுற்றி வளைத்துப் பேசுவதில்லை.

செவ்வாய்க்கிழமை காலை அத்தான் அறைகளை வரைகிற அந்த வரைகலைப் புரோகிராமைத் திறக்கிறார், அது திறக்கவில்லை. திங்கட்கிழமை முழுக்க அவர் கிளினிக்கில் அளவெடுத்துக்கொண்டிருந்ததால் அதற்கு முன்னால் யாரும் அதைத் தொடவில்லை. சாம்பல் நிறத்தில் ஒரு சின்னப் பெட்டி வந்து, டி3டி கம்பைலர் நாற்பத்தேழு என்ற டிஎல்எல் கோப்பைக் காணவில்லை, அது இல்லாமல் தொடர முடியாது என்றது. கீழே 'சரி' என்று ஒரே ஒரு பொத்தான். எதுவும் சரியில்லாதபோது 'சரி' என்பதைத் தவிர வேறு எதையும் சொல்லவிடாத அந்தப் பெட்டியை அத்தான் பதினான்கு முறை திறந்து பதினான்கு முறை மூடினார். பிறகு, "எனக்கு வயசாயிடுச்சும்மா, இதெல்லாம் இனிமே எனக்கு எதுக்கு" என்று சொல்லிவிட்டு, சமையலறைக்குப் போய் அலமாரிகளைப் பார்த்துக்கொண்டு நின்றார். அந்தப் பார்வையின் அர்த்தம் எனக்குத் தெரியும். நான்காவது முறையும் உப்பைத் தேட என்னால் முடியாது.

யார் காரணம் என்பதை எடுத்தவுடனேயே கண்டுபிடித்துவிட்டேன், அதை மறைக்கப் போவதில்லை. போன மாதம் நீ வந்தபோது, "மெஷின் ரொம்ப ஸ்லோவா இருக்கேக்கா, கொஞ்சம் சுத்தம் பண்ணிடறேன்" என்று உட்கார்ந்து, நான் சாதம் வடிப்பதற்குள் எதையெதையோ அழித்தாய். "எதை அழிச்ச?" என்று கேட்டதற்கு, "குப்பைதான்க்கா" என்றாய். பட்டியல் கேட்டேன், சிரித்தாய். பட்டியல் போடாமல் அழிக்கிறவனை எங்கள் கல்லூரி நூலகத்தில் வாசல் தாண்டவிட மாட்டோம். நீ போன பிறகு மூன்று வாரம் எல்லாம் ஓடியதே என்று அத்தான் உனக்குப் பரிந்து பேசினார். சில கோளாறுகள் மெதுவாகத்தான் வெளியே வரும் என்று அவருக்கு விளக்கினேன்.

ஒப்பிட்டுப் பார்ப்பதற்காகச் சொல்கிறேன், போன ஞாயிற்றுக்கிழமை நானும் அதே கணினியைச் சுத்தம் செய்தேன். எப்படி? முறைப்படி. எங்கள் தொழிலில் ஒரு விதி உண்டு: ஒரே புத்தகம் பல பிரதிகளாக இருந்து, யாரும் கேட்காமல் தூசி படிந்தால், நல்ல நிலையில் இருக்கும் ஒன்றை வைத்துக்கொண்டு மற்றவற்றை நீக்க வேண்டும். இருபத்து மூன்று வருஷமாக ஒவ்வொரு கோடை விடுமுறையிலும் செய்கிற வேலை. கணினியில் ஒரே பெயரில் இருப்பவற்றையெல்லாம் தேடித்தரும் வசதி ஒன்றைக் கண்டுபிடித்தேன். நம் வீட்டுப் போட்டோக்கள் மூன்று மூன்று, கரண்ட் பில் இரண்டிரண்டு, இன்னும் பெயர் வாயில் நுழையாத சிலது நாலு, ஆறு, ஏழு என்று கிடந்தன. உன்னைப்போல் கண்ணை மூடிக்கொண்டு துடைக்கவில்லை. ஒவ்வொன்றிலும் ஒன்றை, இருப்பதிலேயே ஒழுங்கான ஃபோல்டரில் இருந்ததை, வைத்துக்கொண்டு மற்றதை மட்டும் நீக்கினேன். "நிஜமாகவே அழிக்கவா" என்று அது கேட்ட ஒவ்வொரு முறையும் நிதானமாக யோசித்து 'ஆம்' சொன்னேன். இரண்டரை மணி நேரம். சுத்தம் என்றால் அது.

சரி, செவ்வாய் மாலைக்கு வருகிறேன். தெருமுனையில் கணினி ரிப்பேர் கடை வைத்திருப்பவரை அத்தான் கூட்டிவந்தார். தெருவில் அவருக்கு ஃபார்மட்காரர் என்றே பெயர். பெட்டியைப் படித்துக்கூடப் பார்க்கவில்லை. "மேடம், ஃபார்மட் போட்ருவோம்."

"எதனால இப்படி ஆச்சு?"

"அது எதனாலயும் ஆகும் மேடம். ஃபார்மட் போட்டா சரியாயிடும்."

"உள்ள இருக்கறதெல்லாம்?"

"போயிடும். ஆனா சரியாயிடும். போன வருஷம் என் வீட்டு மெஷினுக்கே போட்டேனே."

"சரியாச்சா?"

"மெஷின் சரியாயிடுச்சு மேடம். பொண்ணு கல்யாண போட்டோ எல்லாம் போச்சு. வீட்லதான் இன்னும் பேச மாட்டேங்கறாங்க."

டீ கொடுத்து அனுப்பினேன்.

அதற்குள் அத்தான் இணையத்தில் ஒரு இடத்தைப் பிடித்துவிட்டார், அந்தக் கோப்பை மட்டும் தனியாக, இலவசமாகத் தருகிறார்களாம், தட்டு அளவுக்குப் பெரிய பச்சைப் பொத்தான். "ஒரே ஒரு ஃபைல்தானே, இறக்கிப் போட்டுக்கலாமே" என்கிறார். நான் அவர் கையிலிருந்து மௌஸை வாங்கி என் மடியில் வைத்துக்கொண்டேன். யார் இவர்கள், இவர்களுக்கு இது எங்கிருந்து கிடைத்தது, இதைச் செய்த கம்பெனி சும்மா இருக்க இவர்கள் ஏன் ஊருக்கெல்லாம் வாரி வழங்குகிறார்கள்? முத்திரை இல்லாத, தலைப்புப் பக்கம் கிழிந்த புத்தகத்தை யாராவது சாக்கில் கட்டிக்கொண்டு வந்தால் அலமாரியில் வைப்பேனா? "படுக்கையறை வரைக்கும் வந்து வேலை செய்யப்போற ஆளை, முகம் தெரியாதவன் அனுப்பினா உள்ள விடுவீங்களா?" என்று கேட்டேன். "ஃபைலுக்கு எதுக்கும்மா படுக்கையறை" என்றார். ஆனாலும் விட்டுவிட்டார்.

புதன்கிழமை காலை கல்லூரிக்குக் கிளம்பும் முன் உன்னைக் கூப்பிட்டேன். அத்தானும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டேன். நான் முழுதாகச் சொல்லி முடிப்பதற்குள்ளேயே, "அக்கா, மொதல்ல ரீசைக்கிள் பின்ன தொறந்து பாரு" என்றாய். எனக்குக் கோபம் ஏறியது. தப்பு செய்தவன், கணினியில் அழித்ததெல்லாம் போய் விழும் குப்பைத்தொட்டியில் தடயத்தைத் தேடச் சொல்வதைப் பார். "எங்க வீட்டுக் குப்பைத்தொட்டிய எப்ப பாக்கணும்னு எனக்குத் தெரியும்டா" என்று சொல்லி வைத்துவிட்டேன். இன்றுவரை அதைத் திறக்கவில்லை, திறக்கவும் மாட்டேன். அது கொள்கை.

அன்று மாலை நானே தேடினேன். தம்பி, கிடைத்தது. கணினி முழுவதிலும் ஒரே ஒரு நாற்பத்தேழு, போட்டோ பார்க்கிற புரோகிராமின் ஃபோல்டரில், சமர்த்தாக உட்கார்ந்திருந்தது. எப்படியோ உன் கண்ணில் படாமல் தப்பியிருக்கிறது என்று நினைத்தேன். அதைப் பிரதி எடுத்து வரைகலைப் புரோகிராமின் ஃபோல்டரில் வைத்தேன். காணவில்லை என்கிற பெட்டி போய்விட்டது. அத்தான் எழுந்து நின்றுவிட்டார். அடுத்த நொடி வேறொரு பெட்டி வந்தது, அதில் சொற்களே குறைவு, ஒரு நீளமான எண், கடைசியில் ஏழும் பி-யும். அத்தான் உட்கார்ந்துவிட்டார். நான் உட்காரவில்லை. எனக்குள் என்னவோ விழித்துக்கொண்டதுபோல இருந்தது. காணாமல் போனது கிடைத்தும் ஒரு பொருள் வேலை செய்யவில்லை என்றால், அது என்ன பொருள் என்பதே நமக்குத் தெரியாது என்றுதானே அர்த்தம்?

வியாழக்கிழமை, பதினொரு வருஷத்தில் முதல் முறையாக அரை நாள் லீவு போட்டேன். கல்லூரியில் எனக்கு உடம்புக்கு என்ன என்று மூன்று பேர் கேட்டார்கள். வீட்டில் உட்கார்ந்து, அந்தக் கோப்பைச் செய்த கம்பெனி எழுதியிருந்ததை, அடிக்குறிப்பு உட்பட, படித்தேன். உனக்கு இதெல்லாம் தெரிந்திருக்கும். தெரிந்தும் இத்தனை வருஷம் எனக்கு ஏன் சொல்லவில்லை? அத்தானின் புரோகிராம், ஜன்னல் வழியாக வெளிச்சம் எப்படி விழ வேண்டும், மேசைக்கு அடியில் எவ்வளவு இருட்டு, கண்ணாடி எதைக் காட்ட வேண்டும் என்பதையெல்லாம் மனிதர்கள் எழுதக்கூடிய ஒரு மொழியில் எழுதி வைத்திருக்கிறது. திரையில் படம் போடுகிற கிராஃபிக்ஸ் கார்டுக்கு அந்த மொழியில் ஓர் எழுத்துகூடத் தெரியாது, அதற்கு அதன் மொழி மட்டும்தான். நடுவில் உட்கார்ந்து இதை அதற்கு மொழிபெயர்க்கிற ஆள்தான் நம் நாற்பத்தேழு. ஒவ்வொரு புரோகிராமும் தனக்கென்று ஒரு மொழிபெயர்ப்பாளரை உருவாக்கிக்கொண்டிருக்க முடியாது என்பதால், எழுதித் தயாராக வைத்திருக்கும் அவரையே எல்லாரும் கூப்பிட்டுக்கொள்கிறார்கள். அவர் வரவில்லை என்றால் அத்தானின் புரோகிராம் வாயைத் திறக்காது. என்ன பேசி என்ன, கேட்கிறவருக்குப் புரியாதே. வெளிச்சம் என்பது ஒரு மொழிபெயர்ப்பு, தம்பி. நான் நாற்காலியிலிருந்து எழுந்து சமையலறைக்குப் போய், தண்ணீர் குடித்துவிட்டு, திரும்ப வந்து அதே பாராவை இன்னொரு முறை படித்தேன்.

இன்னும் இருக்கிறது. நவீன கணினிகளில் இயங்குதளமே அவரை ஒரு பொது இடத்தில் உட்கார வைத்திருக்குமாம். நம்முடையது பழசு, ஆகவே ஒவ்வொரு புரோகிராமும் தன் ஆளைத் தானே கூட்டிக்கொண்டு வந்து தன் ஃபோல்டரிலேயே குடிவைத்திருக்கும். அதோடு அவரில் இரண்டு வகை, முப்பத்திரண்டு பிட், அறுபத்து நான்கு பிட். இரண்டுக்கும் ஒரே பெயர், ஆனால் ஒன்று இருக்க வேண்டிய இடத்தில் இன்னொன்றை வைத்தால் நடக்காது. அத்தானின் புரோகிராம் பழைய முப்பத்திரண்டு, நான் கொண்டுபோய் வைத்தது அறுபத்து நான்கு. தலைப்பு ஒன்று, பதிப்பு வேறு! முதல் வருஷம் நூலகம் படிக்கிற பிள்ளைகூடச் செய்யாத தவறு. (மேலே ஒரு ஆச்சரியக்குறி விழுந்துவிட்டது. எனக்குப் பழக்கமில்லை, அடிக்காமல் விட்டுவிடுகிறேன்.)

வழி என்ன என்பதையும் அவர்களே எழுதியிருந்தார்கள்: கோப்பைத் தனியாக எங்கும் வாங்காதே, அதைக் கொண்டுவந்த புரோகிராமையே மறுபடி நிறுவு, அது தன் ஆளைத் தானே கூட்டிவரும். வெள்ளிக்கிழமை மாலை, நிறுவும் கோப்பு இருக்கிற பென்டிரைவைத் தேடினோம். அத்தானின் மேசை இழுப்பறையில் பதினோரு அளவுநாடா இருந்தது (அது எதற்குப் பதினொன்று என்று கேட்டேன், "ஒண்ணு தொலைஞ்சா?" என்றார்), பன்னிரண்டாவதும் இருக்கிறதா என்று துழாவியபோது பென்டிரைவ் கிடைத்தது. உடனே செருகிவிடவில்லை. அவர் எட்டு மாதமாக வரைந்து சேர்த்த கதவுகள், கைப்பிடிகள், கிளினிக் அறைகள் எல்லாவற்றையும் முதலில் வேறு இடத்தில் பிரதி எடுத்து வைத்தேன். நான் தப்பாக வைத்த அறுபத்து நான்கை எடுத்துவிட்டேன். பிறகு நிறுவும் கோப்பைத் திறந்தால் மூன்று பொத்தான்: மாற்று, சீர்செய், நீக்கு. மூன்றுக்கும் நடுவில் என் விரல் நின்ற நேரத்தில் அத்தான் என் பின்னால் மூச்சுவிடுவது கேட்டது. 'சீர்செய்' என்பதை அழுத்தினேன். பச்சைக் கோடு நகர்ந்தது, நின்றது, நகர்ந்தது. நான்கு நிமிடம். புரோகிராம் திறந்தது. காத்திருக்கும் அறையில் வெளிச்சம் விழுந்தது. அத்தான் என் தோளில் கை வைத்து, "சாதிச்சுட்டியேம்மா" என்றார்.

இன்று பதினொரு மணிக்கு இரண்டு நிமிடம் முன்னாலேயே பல் மருத்துவர் வந்தார். உட்கார்ந்ததும் மௌஸைத் தானே வாங்கிக்கொண்டு, திரையில் தன் கிளினிக் வாசலைத் திறந்து உள்ளே நடந்தார். வரவேற்பு மேசையைச் சுற்றினார். காத்திருக்கும் நாற்காலி ஒன்றின் பக்கத்தில் நின்றார்.

"இங்க உக்கார்றவங்களுக்கு உள்ள இருக்கிற டிரில் மெஷின் தெரியுதே."

"தெரியுதுங்க," என்றார் அத்தான். குரல் கீழே போய்விட்டது.

"பாதிப் பேர் எழுந்து வீட்டுக்குப் போயிடுவாங்க. மீதிப் பாதி பேர் அதுக்கு முன்னாடியே போயிடுவாங்க."

அத்தான் மௌஸை வாங்கிக் கதவை எதிர்ப்பக்கம் திருப்பினார். டிரில் மறைந்தது. ஜன்னல் வெளிச்சம் வேறு கோணத்தில் வந்து, நாற்காலிகளின் நிழல் தரையில் மெதுவாக நகர்ந்து நின்றது. அந்த நிழலை நான் பார்த்த பார்வையை நீ பார்த்திருக்க வேண்டும். அவர்கள் இருவரும் கதவைப் பார்த்தார்கள், எனக்கு மட்டும்தான் உள்ளே உட்கார்ந்து மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறவரைத் தெரியும். அந்த அம்மா இன்னொரு முறை வாசலுக்குப் போய்த் திரும்ப நடந்து வந்தார். "திங்கக்கிழமை ஆரம்பிச்சுடுங்க" என்றார். கிளம்பும்போது என்னை உற்றுப் பார்த்து, "உங்களுக்குப் பல்லைக் கடிக்கிற பழக்கம் உண்டா?" என்று கேட்டார். அப்போதுதான் கவனித்தேன், பத்தரை மணியிலிருந்து தாடையைத் தளர்த்தவே இல்லை.

ஆகையால், தம்பி, முடிவாகச் சிலது. அடுத்த வாரக் கடைசியில் கணினியைப் பார்க்க வருவதாகச் சொல்லியிருந்தாய், அதற்காக வர வேண்டாம். விருந்தாளியாக எப்போது வேண்டுமானாலும் வா. உன் தவறை நான் மன்னித்துவிட்டேன், ஆனால் அதை உன் மனைவியின் முன்னால் ஒரு முறை வாய்விட்டு ஒப்புக்கொள். இனிமேல் யார் வீட்டுக் கணினியிலும் பட்டியல் போடாமல் கை வைக்காதே. நாற்பத்தொன்பது வயதில் ஒருத்தி தனியாக உட்கார்ந்து படித்தே இதையெல்லாம் கண்டுபிடிக்க முடியும் என்பதை உன் ஆபீஸில் நாலு பேருக்குச் சொல். உன் உடம்பைப் பார்த்துக்கொள், வெயிலில் அலையாதே, உன் மனைவிக்கு என் அன்பைச் சொல். நீங்கள் இருவரும் குறைவில்லாமல் நெடுநாள் வாழ என் வாழ்த்து.

அன்புடன்,
உன் அக்கா

பின்குறிப்பு: மணி ஐந்தே கால். ஆறு மணிக்குத் தபால் எடுத்துவிடுவார்கள், இத்தனை பக்கத்தைத் திருப்பி எழுத நேரமில்லை. உறை ஒட்டுவதற்குள், போட்டோ பார்க்கிறது திறக்கிறது, ஆனால் வேறு இரண்டு புரோகிராம்கள் திறக்கவில்லை என்று அத்தான் சொன்னார். இப்போதுதான் எனக்கு வழி தெரியுமே, பென்டிரைவைக் கொண்டு வாருங்கள் என்றேன். அவர் கொண்டு வரவில்லை. "அதுக்கு அவ்வளவு தூரம் போக வேணாம்மா" என்று சொல்லி, நான் கொள்கையாகத் திறக்காத அந்தக் குப்பைத்தொட்டியைத் திறந்தார். உள்ளே ஆறு நாற்பத்தேழு. ஒவ்வொன்றின் பக்கத்திலும் எங்கிருந்து வந்தது, எப்போது நீக்கப்பட்டது என்று பட்டியல் மிக ஒழுங்காக இருந்தது. போன ஞாயிறு, பதினொன்று நாற்பதிலிருந்து பதினொன்று நாற்பத்திரண்டு வரை. ஆறுக்கும் நான் நிதானமாக யோசித்து 'ஆம்' சொல்லியிருக்கிறேன். "உங்களுக்கு எப்ப தெரியும்?" என்று கேட்டேன். "புதன்கிழமை. உன் தம்பி போன்ல சொன்னானே, நீ காலேஜுக்குப் போனதும் பாத்தேன்." "அப்புறம் ஏன் எடுத்துப் போடல?" "சாயங்காலம் சொல்லலாம்னுதான் இருந்தேன். நீ அந்த ரெண்டாவது பெட்டி வந்தும் உக்காராம நின்ன பாரு, உன்னை இப்படி நான் பார்த்ததே இல்லை. சனிக்கிழமை பத்தரை வரைக்கும் பாத்துட்டு, முடியலன்னா நானே எடுத்துப் போட்டிருப்பேன்." ஆகவே மேலே உன்னைப் பற்றி எழுதியதையெல்லாம் படிக்காததாக வைத்துக்கொள், உன் மனைவி முன்னால் ஒப்புக்கொள்ள வேண்டியது நீ இல்லை. அந்தப் பல் மருத்துவர் பாராவை மட்டும் வைத்துக்கொள், அது உண்மை. நீ இரண்டு நிமிடத்தில் சொல்லிவிட்டாய், அவர் மூன்று நாள் சொல்லாமல் இருந்தார். இரண்டில் எது பெரிய உதவி என்று எனக்கு இன்னும் முடிவாகவில்லை.